வீட்டின் விலையும் கடனின் விலையும்

'வீட்டைக் கட்டிப் பார், கல்யாணத்தைப் பண்ணிப் பார்' என்று நம் முன்னோர் சொல்லி வைத்தார்கள். அவர்கள் காலத்தில் வீடு கட்டுவதென்றால் கல், மரம், கூலி அனைத்துக்கும் ஒரே நேரத்தில் பணம் புரட்ட வேண்டியிருந்தது. சிரமம் முன்னால் வந்தது. வீடு பின்னால் வந்தது. இன்று நிலைமை தலைகீழ். முன்பணம் இருந்தால் மீதியை வங்கி தந்துவிடுகிறது. வீடு முன்னால் வந்துவிடுகிறது. சிரமம் மாதாமாதம் தவணையாக, முப்பது முப்பத்தைந்து ஆண்டுகள் தொடர்ந்து வருகிறது. அந்தச் சிரமத்தின் மொத்த அளவு எவ்வளவு என்பதைக் கையெழுத்திடுவதற்கு முன்பே கணக்கிட முடியும். அக்கணக்கை நம் தோட்டப்புறக் குடும்பங்களுக்கு எளிமையாக எடுத்துரைப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

வேலையோடு வந்த வீடு

நெகிரி செம்பிலானில் லாபு, நீலாய், ரந்தாவ், சிலியாவ், லிங்கி, பகாவ், கிம்மாஸ் என எந்தப் பக்கம் சென்றாலும் நம்மவர் உழைப்பில் வளர்ந்த தோட்டங்கள் இருந்தன. பால்மரம் வெட்டியவருக்கு லயத்து வீடு வேலையோடு சேர்ந்தே வந்தது. தொழிலாளர் குடியிருப்புக்கான குறைந்தபட்சத் தரத்தை 1966ஆம் ஆண்டுச் சட்டமும், பின்னர் 1990ஆம் ஆண்டுச் சட்டமும் வரையறுத்தன. வீடு தருவது நிர்வாகத்தின் பொறுப்பாக இருந்தது. ஆனால் அந்த வீடு குடியிருந்தவருக்குச் சொந்தமாக இருக்கவில்லை. வேலை நின்றால் வீட்டையும் காலி செய்ய வேண்டும் என்பதே விதி.

இதன் வேதனையை நம் சமுதாயம் 1950களின் பிற்பகுதியிலேயே உணர்ந்தது. தோட்டத் துண்டாடல் தொடங்கியபோது தொழிலாளர்கள் வேலையையும் வீட்டையும் ஒருசேர இழந்தனர். அதற்கு விடையாகத்தான் துன் வீ. தி. சம்பந்தன் அவர்கள் 1960இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தோற்றுவித்தார்கள். சிறுகச் சிறுகச் சேர்த்த பங்குப் பணத்தைக் கொண்டு தோட்டங்களையே வாங்கிய முயற்சி அது.

1990களில் இரண்டாவது அலை வந்தது. 1994இல் வடக்கு தெற்கு நெடுஞ்சாலை முழுமை பெற்றது. 1998இல் மாநில எல்லையை ஒட்டிய சிப்பாங்கில் அனைத்துலக விமான நிலையம் திறக்கப்பட்டது. நீலாய், லாபு, சிரம்பான் வட்டாரங்களில் ரப்பர் நின்ற பல இடங்களில் தொழிற்சாலைகளும் குடியிருப்புகளும் எழுந்தன. லயத்துப் பிள்ளைகள் வரிசை வீடுகளுக்கும் அடுக்குமாடிகளுக்கும் குடிபெயர்ந்தனர்.

இங்கே நாம் கவனிக்க வேண்டிய ஒன்று உண்டு. தோட்டத்தில் நம் பெற்றோர் அறிந்த கடன் மளிகைக்கடைப் புத்தகத்தில் எழுதிய கடன். சம்பளம் வந்தால் தீரும். அடுத்த நாள் மறுபடி தொடங்கும். அத்தகைய கடனுக்கு 'இந்த மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?' என்ற ஒரே கேள்வி போதும். முப்பத்தைந்து ஆண்டுக் கடனுக்கு அந்தக் கேள்வி போதாது. 'மொத்தம் எவ்வளவு கட்டுவேன்? என் எத்தனையாவது வயதில் முடிப்பேன்?' என்ற இரு கேள்விகளும் வேண்டும்.

மாதத் தவணை மறைக்கும் கணக்கு

ஒரு குடும்பம் 200,000 வெள்ளி வீட்டுக் கடன் பெறுவதாக வைத்துக்கொள்வோம். வட்டி ஆண்டுக்கு 4.5 விழுக்காடு என்றும், அது மாறாமல் இருப்பதாகவும் கொள்வோம். காலத்தை மட்டும் மாற்றிப் பார்ப்போம்.

20 ஆண்டு: மாதம் 1,265 வெள்ளி, மொத்தம் 303,700 வெள்ளி.
25 ஆண்டு: மாதம் 1,112 வெள்ளி, மொத்தம் 333,500 வெள்ளி.
30 ஆண்டு: மாதம் 1,013 வெள்ளி, மொத்தம் 364,800 வெள்ளி.
35 ஆண்டு: மாதம் 947 வெள்ளி, மொத்தம் 397,500 வெள்ளி.

முப்பது ஆண்டைவிட முப்பத்தைந்து ஆண்டில் மாதத் தவணை 66 வெள்ளிதான் குறைகிறது. அந்த 66 வெள்ளிக்காக மொத்தத்தில் ஏறக்குறைய 32,700 வெள்ளி கூடுதலாகக் கொடுக்கிறோம். இருபது ஆண்டுக் கடனோடு ஒப்பிட்டால் வேறுபாடு 93,000 வெள்ளிக்கும் மேல். முப்பத்தைந்து ஆண்டுக் கடனில் வீட்டுக்காக ஒரு மடங்கும், காலத்துக்காகக் கிட்டத்தட்ட இன்னொரு மடங்கும் கொடுக்கிறோம் என்பதே இதன் பொருள்.

2013ஆம் ஆண்டு ஜூலை முதல் வீட்டுக் கடனின் உச்சக் காலம் 35 ஆண்டு என்று பேங்க் நெகாரா வரையறுத்தது. அது மேல் எல்லை மட்டுமே. எல்லாரும் அந்த எல்லை வரை போக வேண்டும் என்பதில்லை. எனினும் விற்பனைக் கூடத்தில் நமக்குக் காட்டப்படும் தவணை பெரும்பாலும் நீண்ட காலத்துக்கு உரியதாகவே இருக்கும். அதுதான் சிறிய எண்ணாகத் தெரியும்.

வட்டி முன்னே, முதல் பின்னே

'பத்து ஆண்டு கட்டிவிட்டோம். மூன்றில் ஒரு பங்காவது தீர்ந்திருக்கும்' என்று எண்ணுவது இயல்பு. கணக்கு அவ்வாறு நடப்பதில்லை. வட்டி, மீதமுள்ள கடனின் மீது கணக்கிடப்படுகிறது. தொடக்கத்தில் கடன் முழுமையாக நிற்பதால் வட்டியும் உச்சத்தில் நிற்கிறது.

மேலே கண்ட 35 ஆண்டுக் கடனில் முதல் மாதம் கட்டும் 947 வெள்ளியில் 750 வெள்ளி வட்டிக்குப் போகிறது. முதலில் கழிவது 197 வெள்ளி மட்டுமே. பத்து ஆண்டுகளில் 113,600 வெள்ளி கட்டி முடித்த பிறகும் 170,300 வெள்ளி கடன் மீதமிருக்கும். அதாவது முதலில் குறைந்தது 30,000 வெள்ளிக்கும் சற்றுக் குறைவே. கடன் பாதியாகக் குறைவதற்கு ஏறக்குறைய இருபத்துமூன்று ஆண்டு ஒன்பது மாதம் ஆகிறது.

இதில் வங்கியின் சூழ்ச்சி ஒன்றுமில்லை, கணிதமே இப்படித்தான். ஆனால் இதை அறிந்தவருக்கு ஒரு வழியும் தெரிந்துவிடுகிறது. தொடக்க ஆண்டுகளில் கூடுதலாகக் கட்டும் ஒவ்வொரு வெள்ளியும், பின்னால் பல ஆண்டுகள் வட்டி ஏறக்கூடிய ஒரு வெள்ளியை அழிக்கிறது. இதே கடனில் முதல் மாதத்திலிருந்தே 100 வெள்ளி கூடுதலாகக் கட்டிவந்தால் கடன் சுமார் 28 ஆண்டில் முடிந்துவிடும். ஏழு ஆண்டுகளும் ஏறக்குறைய 45,000 வெள்ளியும் மிச்சம்.

இதில் ஓர் எச்சரிக்கை உண்டு. கூடுதல் பணத்தைச் சில கடன்களில் வங்கி அடுத்த மாதத் தவணைக்கான முன்பணமாக மட்டுமே வைத்துக்கொள்ளும், முதலில் கழிக்காது. 'இந்தப் பணம் முதலைக் குறைப்பதற்கு' என்று எழுத்து வழி தெரிவிக்க வேண்டுமா, கட்டணம் உண்டா என்று ஒப்பந்தம் செய்யும்போதே கேட்டுத் தெளிவு பெற வேண்டும்.

இரு தலைமுறைக் கடன்

தோட்டத் தொழிலாளர் வீடு வாங்க உதவும் பொருட்டு, 2010 அக்டோபரில் தாக்கல் செய்யப்பட்ட 2011ஆம் ஆண்டு வரவுசெலவுத் திட்டத்தில் பேங்க் சிம்பானான் நேஷனல் வழியாக ஒரு கடனுதவித் திட்டம் அறிவிக்கப்பட்டது. மலிவு விலை வீட்டுக்கான அக்கடனுக்கு வட்டி 4 விழுக்காடு. தவணைக் காலம் 40 ஆண்டு வரை, இரண்டாம் தலைமுறைக்கும் நீளும். குறைந்த வருமானத்தால் எந்த வங்கியும் ஏற்காத ஒருவருக்கு இத்தகைய திட்டம் பெரும் உதவி என்பதில் ஐயமில்லை. ஆயினும் அதன் கணக்கையும் பார்ப்போம்.

60,000 வெள்ளியை 4 விழுக்காட்டில் 40 ஆண்டுக்குப் பெற்றால் மாதம் 251 வெள்ளி. மொத்தம் 120,400 வெள்ளி. அதையே 20 ஆண்டில் அடைத்தால் மாதம் 364 வெள்ளி. மொத்தம் 87,300 வெள்ளி. மாதம் 113 வெள்ளி வேறுபாடு, முடிவில் 33,000 வெள்ளியாக நிற்கிறது. தகப்பனார் நாற்பது வயதில் தொடங்கினால் கடன் முடியும்போது அவருக்கு எண்பது வயது. இடையில் சுமையை ஏற்கும் மகனோ மகளோ தங்களுக்கென ஒரு வீட்டுக்குக் கடன் கேட்கும்போது, இந்தத் தவணையும் அவர்கள் கணக்கில் சேர்த்தே பார்க்கப்படும்.

சாதாரண வங்கிக் கடனிலும் இரு தலைமுறை நுழைவதுண்டு. தந்தையின் சம்பளம் போதாதபோது மகனைக் கூட்டுக் கடனாளியாகச் சேர்ப்பார்கள். கூட்டாகக் கையெழுத்திட்டவர் பாதிக் கடனுக்கு மட்டும் பொறுப்பாளி என்று நினைப்பது தவறு. ஒருவர் கட்டாமல் நின்றால் மற்றவர் முழுக் கடனுக்கும் பொறுப்பாவார். அண்ணன் தம்பி, தந்தை மகன் என்ற பாசத்தில் போடும் கையெழுத்துக்கும் சட்டத்தின் முன் இதே பொருள்தான்.

ஏறி இறங்கும் விகிதம்

மேற்கண்ட கணக்குகளில் வட்டி மாறாது என்று வைத்துக்கொண்டோம். நடைமுறையில் பெரும்பாலான வீட்டுக் கடன்களின் வட்டி, பேங்க் நெகாராவின் ஓ.பி.ஆர். எனப்படும் கொள்கை வட்டி விகிதத்தோடு சேர்ந்து ஏறி இறங்கும். 1998ஆம் ஆண்டு நிதி நெருக்கடியின்போது, அன்றைய அடிப்படைக் கடன் விகிதமான பி.எல்.ஆர். 12 விழுக்காட்டைத் தாண்டியது. 2020 ஜூலையில் ஓ.பி.ஆர். 1.75 விழுக்காடு வரை இறங்கியது. 2023 மே மாதத்தில் 3 விழுக்காட்டுக்கு ஏறியது. 2025 ஜூலையில் 2.75 விழுக்காடாகக் குறைக்கப்பட்டது.

முப்பத்தைந்து ஆண்டு என்பது இத்தகைய பல ஏற்ற இறக்கங்களைக் காணும் காலம். நம் எடுத்துக்காட்டில் வட்டி 4.5 விழுக்காட்டுக்குப் பதிலாக 5.5 விழுக்காடாக இருந்தால் மாதத் தவணை 947இலிருந்து 1,074 வெள்ளியாகும். இன்றைய தவணையோடு இன்னும் 130 வெள்ளி சேர்ந்தாலும் குடும்பம் தாங்குமா என்று பார்த்த பின்னரே முடிவு செய்ய வேண்டும். 2025 பிப்ரவரியில் குறைந்தபட்சச் சம்பளம் 1,700 வெள்ளியாயிற்று. சேமநிதியும் சொக்சோவும் கழித்தால் கையில் நிற்பது ஏறக்குறைய 1,500 வெள்ளி. அதில் 947 வெள்ளி போனால் குடும்பம் எதைக் கொண்டு நடக்கும்?

2020 ஏப்ரல் முதல் செப்டம்பர் வரை அளிக்கப்பட்ட ஆறு மாதத் தவணை ஒத்திவைப்பையும் நினைவுகூரலாம். வேலையிழந்தோருக்கு அது உயிர்மூச்சாக இருந்தது. ஆனால் அது ஒத்திவைப்பே தவிரத் தள்ளுபடி அல்ல. அந்த மாதங்களிலும் வட்டி ஏறிக்கொண்டுதான் இருந்தது.

தவணைக்கு வெளியே நிற்கும் செலவுகள்

விலைப்பட்டியலில் காணாத செலவுகளையும் சேர்த்தால்தான் கணக்கு முழுமை பெறும். வழக்கறிஞர் கட்டணம், பெயர் மாற்ற முத்திரை வரி, கடன் ஒப்பந்தத்துக்கு அரை விழுக்காடு முத்திரை வரி ஆகியவை தொடக்கத்திலேயே வரும். முதல் வீடு வாங்குவோருக்கு முத்திரை வரி விலக்கு உண்டா என்பதை வழக்கறிஞரிடம் கேட்டறிய வேண்டும். பின்னர் ஆண்டுதோறும் நிலவரி, நகராண்மைக் கழக மதிப்பீட்டு வரி, தீக்காப்புறுதி. அடுக்குமாடியாயின் மாதாந்திரப் பராமரிப்புக் கட்டணமும் சேரும்.

கடனாளி இறந்தால் மீதிக் கடனை அடைக்கும் எம்.ஆர்.டி.ஏ. காப்புறுதி நம்மவருக்கு மிகவும் தேவையானது. சம்பாதிக்கும் ஒருவரை நம்பியே பல குடும்பங்கள் இருக்கின்றன. ஆனால் அதன் சந்தாவைக் கடனோடு சேர்த்துவிட்டால் அதற்கும் 35 ஆண்டு வட்டி கட்ட நேரும். இயன்றவர் அதைத் தனியே செலுத்துவது நல்லது.

கட்டி முடியாத வீட்டை வாங்குவோருக்கு இன்னொரு செலவு உண்டு. கட்டடம் எழ எழ வங்கி பணத்தை மேம்பாட்டாளரிடம் விடுவிக்கும். விடுவித்த தொகைக்கு உடனே வட்டி ஓடத் தொடங்கும். குடும்பம் ஒரு பக்கம் வாடகையும் மறுபக்கம் வட்டியும் கட்டிக்கொண்டிருக்கும். சட்டப்படி நிலத்தோடு கூடிய வீட்டை 24 மாதத்திலும் அடுக்குமாடியை 36 மாதத்திலும் ஒப்படைக்க வேண்டும். கைவிடப்பட்ட திட்டங்களில் மாட்டிக்கொண்டோர் வீடில்லாமலே கடன் சுமக்கும் அவலமும் உண்டு. மேம்பாட்டாளருக்கு உரிமம் உள்ளதா என்பதை வீடமைப்பு அமைச்சிடம் விசாரித்த பிறகே முன்பணம் கொடுக்க வேண்டும்.

சேமநிதி எனும் முதுமைக் கவசம்

முன்பணத்துக்கு நம்மவர் முதலில் நாடுவது ஊழியர் சேமநிதியை. 2024 மே மாதம் முதல் 55 வயதுக்குட்பட்டோரின் சந்தா மூன்று கணக்குகளாகப் பிரிக்கப்படுகிறது: ஓய்வூதியக் கணக்குக்கு 75 விழுக்காடு, செஜாத்தெரா கணக்குக்கு 15 விழுக்காடு, பிளெக்சிபல் கணக்குக்கு 10 விழுக்காடு. வீட்டுக்கான பணத்தைச் செஜாத்தெரா கணக்கிலிருந்து மீட்கலாம்.

இப்பணம் இலவசம் போலத் தோன்றினாலும் அதற்கும் ஒரு விலை உண்டு. முப்பத்தைந்து வயதில் எடுக்கும் 20,000 வெள்ளி, ஆண்டுக்கு 5 விழுக்காடு இலாப ஈவோடு இருந்திருந்தால் அறுபது வயதில் ஏறக்குறைய 67,700 வெள்ளியாக வளர்ந்திருக்கும். சேமநிதி 2023க்கு 5.5 விழுக்காடும் 2024க்கு 6.3 விழுக்காடும் இலாப ஈவு அறிவித்தது. எல்லா ஆண்டும் அப்படி இருக்கும் என்று சொல்ல முடியாது. வழக்கமான சேமிப்புக்கு 2.5 விழுக்காடு மட்டுமே உத்தரவாதம். ஆயினும் 4.5 விழுக்காட்டுக் கடனை அடைக்க 5 விழுக்காடு ஈட்டும் பணத்தை எடுப்பது இலாபமா என்று ஒரு நிமிடம் நின்று யோசிக்க வேண்டும். சட்டப்படி குறைந்தபட்ச ஓய்வு வயது 60. அதற்குப் பின்னும் தவணை தொடருமானால், அதைக் கட்டப்போவது இந்தச் சேமநிதிதான்.

அப்படியானால் வாடகையே மேலா?

இவற்றையெல்லாம் படித்துவிட்டு வீடே வேண்டாம் என்று யாரும் முடிவு செய்துவிடலாகாது. மாதம் 700 வெள்ளி வாடகை உயராமல் இருந்தாலும் 35 ஆண்டில் 294,000 வெள்ளி போய்விடும். முடிவில் கையில் ஒரு செங்கல்லும் இராது. தவணையோ, வட்டி மாற்றத்தைத் தவிர, ஏறக்குறைய ஒரே அளவில் நிற்கும். சம்பளம் உயர உயர அதன் பாரம் குறையும். வேலை போனால் வீடும் போகும் என்ற நிலையில் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்த நமக்குச் சொந்தக் கூரையின் அருமையை யாரும் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. ஆகவே வீடு வாங்க வேண்டும். வாங்கும் கடனின் முழு விலையையும் அறிந்து வாங்க வேண்டும்.

கையெழுத்திடுவதற்கு முன்

ஒன்று: 20, 25, 30, 35 ஆண்டுகளுக்கான மாதத் தவணையையும் மொத்தத் தொகையையும் வங்கியிடம் எழுத்தில் கேட்டு வாங்குக. குறைந்தது மூன்று வங்கிகளை ஒப்பிடுக.

இரண்டு: கடன் முடியும்போது உங்கள் வயது என்ன என்பதை எழுதிப் பார்க்கவும்.

மூன்று: குறித்த ஆண்டுகளுக்குள் கடனை முழுமையாக அடைத்தால் அபராதம் உண்டா, கூடுதல் பணம் முதலில் கழியுமா என்று கேட்கவும்.

நான்கு: முன்பணத்துக்காக ஆலோங்கிடம் ஒருபோதும் செல்ல வேண்டாம். ஓராண்டு காத்திருந்து சேமிப்பது எவ்வளவோ மேல்.

ஐந்து: தவணை தவறும் நிலை வந்தால் மறைக்காமல் உடனே வங்கியிடம் பேசவும். வீடு ஏலத்தில் போய், கிடைத்த தொகை கடனுக்குப் போதாவிட்டால் மீதியையும் கடனாளியே கட்ட வேண்டும். 2006இல் பேங்க் நெகாரா அமைத்த ஏ.கே.பி.கே. நிறுவனம் கடன் ஆலோசனையை இலவசமாக வழங்குகிறது.

ஏற்கெனவே கடன் கட்டிக்கொண்டிருப்போருக்கும் ஒரு வேலை உண்டு. வங்கி அனுப்பும் ஆண்டுக் கணக்கறிக்கையைப் பிரித்து, இவ்வாண்டு கட்டியதில் வட்டிக்குப் போனது எவ்வளவு, முதலில் கழிந்தது எவ்வளவு என்று பாருங்கள். போனஸ் கிடைக்கும் மாதத்தில் அதில் ஒரு பகுதியையேனும் முதலுக்குச் செலுத்துங்கள்.

இம்மலரைப் படிக்கும் நன்கொடையாளர்களில் வங்கி அலுவலர்கள், கணக்காய்வாளர்கள், வழக்கறிஞர்கள், ஆசிரியர்கள் பலர் இருக்கிறீர்கள். ஒரு தோட்டத்துக் குடும்பம் வீட்டு ஒப்பந்தத்தில் கையெழுத்திடப் போகிறது என்று தெரிந்தால், ஒரு மாலைப்பொழுது அவர்களோடு அமர்ந்து இந்தக் கணக்கைப் போட்டுக் காட்டுங்கள். பாரத்தைத் தமிழில் படித்துச் சொல்லுங்கள். அந்த ஒரு மணி நேரத்தால் அக்குடும்பத்துக்கு மிஞ்சக்கூடியது முப்பதாயிரமோ நாற்பதாயிரமோ வெள்ளி. பிள்ளைகளின் மேற்படிப்புக்கு உதவும் பணம் அது. பணமாகக் கொடுக்க இயலாத அளவு பெரிய தொகையை இவ்வாறு அறிவாகக் கொடுக்க நம் எல்லாராலும் இயலும்.